உம்மடி வக்கீல் தங்கிய வீடு

கூட்டுக்குடும்பத்தைப் பற்றி இந்த உலகத்திலேயே அதிகமாக எழுதியவரும், வயசாகும்வரைக்கும் கூட்டுக்குடும்பத்தில் ஒரு வேளைச் சாப்பாடுகூடச் சாப்பிடாதவரும் ஒரே ஆள்தான். அவர் சித்தூர் கோர்ட்டில் வக்கீலாக இருந்தார். தெலுங்கில் கூட்டுக்குடும்பத்தை உம்மடிக் குடும்பம் என்பார்கள். வாயைத் திறந்தால் அவருக்கு அந்தப் பேச்சுதான் என்பதால் கோர்ட்டில் அவருக்கு ‘உம்மடிக் குடும்பம் வக்கீல்’ என்று பெயர் வைத்தார்கள். நாளடைவில் குடும்பம் உதிர்ந்துபோய் ‘உம்மடி’ மட்டும் நின்றது. சாயங்காலம் கறுப்புக் கோட்டைக் கையில் மடித்துப் போட்டுக்கொண்டு அவர் நடந்து போகும்போது ஆட்டோ ஸ்டாண்டில் யாராவது ஒருத்தன் சத்தமாகச் சொல்வான்:

“அதிகோ, உம்மடி ஒண்டரிகா போத்துன்னாடு!”

கூட்டுக்குடும்பம் தனியாகப் போகிறது என்று அர்த்தம். அவரும் சிரித்தபடி கையை ஆட்டிவிட்டுப் போவார். அந்த ஜோக்கில் தன்னைத் தவிர மற்ற எல்லாம் அவருக்குப் புரிந்தது என்று நினைக்கிறேன்.

கோர்ட்டுக்குப் பின்னால் இருந்த சந்தில் நான் டிடிபி கடை வைத்திருந்தேன். பத்திரம், மனு, கல்யாணப் பத்திரிகை, காதுகுத்து ஃபிளெக்ஸ் எல்லாம் தெலுங்கில் அடித்துத் தருவேன். தமிழும் அடிக்கத் தெரிந்த கடை அந்தப் பக்கத்தில் என்னுடையது ஒன்றுதான். நான் புத்தூர்க்காரி, வீட்டில் தமிழ், பள்ளிக்கூடத்தில் தெலுங்கு. ஆகவே ஒரு நாள் உம்மடி வக்கீல் என் கடை வாசலில் செருப்பைக் கழற்றிவிட்டு, கோயிலுக்குள் வருவதுபோல உள்ளே வந்தார்.

“அம்மா, இங்க தமிழ் இருக்குதா?” என்று கேட்டார், கடையில் சர்க்கரை இருக்கிறதா என்று கேட்பதுபோல.

அவர் நடத்திய தமிழ் மாதப் பத்திரிகையின் பெயர் ‘முன்போல’. வெளியீட்டாளர், ஆசிரியர், எழுத்தாளர், பிழை திருத்துபவர், பத்திரிகையைப் பையில் போட்டுக்கொண்டு போய்க் கொடுப்பவர் எல்லாம் அவரே. அட்டைப் படம் எல்லா மாதமும் ஒன்றுதான்: ஒரு பெரிய வீட்டில் பந்தி. தாத்தா, பெரியப்பா, சித்தப்பா, மாமன், பிள்ளைகள் என்று வரிசையாக உட்கார்ந்திருப்பார்கள். “வேற படம் போடலாமா சார்?” என்று நான் கேட்டேன். “இவங்க சாப்பிட்டு முடிக்கட்டும்மா” என்றார்.

உள்ளே இருந்ததெல்லாம் ஒரே கருத்துதான். முன்பு இருந்ததுபோலவே எல்லாம் இருக்க வேண்டும். கல்யாணத்தைப் பெரியவர்கள்தான் முடிக்க வேண்டும், பிறந்த நாளுக்கு கேக் வெட்டக் கூடாது, வீட்டில் ஒரு உலைதான் கொதிக்க வேண்டும். எழுதி எடுத்து வர மாட்டார். என் பக்கத்தில் ஸ்டூலைப் போட்டு உட்கார்ந்து சொல்லச் சொல்ல நான் அடிப்பேன். ஒரு நாள் ‘பெண்ணுக்கு வீடே அழகு’ என்று ஒரு கட்டுரையை ஆரம்பித்தார். சந்தில் விளக்கு போட்டுவிட்டார்கள். என் வீட்டில் என் கணவர் சாம்பார் வைத்துக்கொண்டிருந்தார். எனக்குக் கை நின்றுவிட்டது.

“சார், ஒரு சந்தேகம். பொம்பளைங்க இருட்டறதுக்குள்ள வீட்டுக்குப் போயிடணும்னு சொல்றீங்க. அப்போ இத யாரு அடிக்கிறது?”

அவர் நிஜமாகவே யோசித்தார். மூக்குக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

“உங்களச் சொல்லலம்மா. நீங்க வேற.”

“எப்படி சார் வேற?”

“நீங்க பொம்பள இல்ல. அச்சகம்.”

இதை வீட்டில் போய்ச் சொன்னதுதான் தப்பு. அதற்கப்புறம் ரொம்ப நாள் வரைக்கும் என் கணவர், “அச்சகம், காபி போடட்டுமா?” என்றுதான் கேட்டுக்கொண்டிருந்தார்.

காகிதம் விலை ஏறிக்கொண்டே போனபோது, பிடிஎஃப் ஆக்கி வாட்ஸ்அப்பில் அனுப்பிவிடலாமே என்று சொல்லிப் பார்த்தேன். அவருக்கு அது புரியவே இல்லை. “செல்போன்ல ஒருத்தர்தானே படிக்க முடியும்?” என்றார். ‘முன்போல’ பத்திரிகையை ஒருவர் கூடத்தில் உட்கார்ந்து சத்தமாகப் படிப்பதாகவும், சுற்றி உட்கார்ந்து மொத்தக் குடும்பமும் கேட்பதாகவும் அவர் நினைத்துக்கொண்டிருந்தார். நான் பார்த்தவரையில் அது கோர்ட் கேன்டீனில் பஜ்ஜிக்கு எண்ணெய் வடிக்கப் பயன்பட்டது. அதைக்கூட அவர் பார்த்தார். “பரவால்ல, பஜ்ஜிய நாலு பேர் பகிர்ந்துதானே சாப்பிடறாங்க” என்றார்.

இப்படிப்பட்டவர் வக்கீல் தொழிலில் என்ன செய்வார்? சிவில் வக்கீல்களுக்குச் சோறு போடுவது பாகப்பிரிவினை. அப்பன் கண் மூடியதும் அண்ணன் தம்பிகள் கோர்ட்டுக்கு வருவார்கள். அந்த ஒன்றைத்தான் உம்மடி தொட மாட்டார். பாகம் கேட்டு வருகிற அண்ணன் தம்பிகளை உட்கார வைத்து, “இதுல பெரியவர் யாரு? அவருக்கு முதல்ல காபி” என்று ஆரம்பிப்பார். ராமன் லட்சுமணனில் தொடங்கி, பஞ்சபாண்டவர்கள் வழியாக, உலை வைக்கிற விறகு வரைக்கும் வருவார். அண்ணன் தம்பிகள் பொறுமையாகக் காபியைக் குடித்துவிட்டு, எதிர் அறை வக்கீலிடம் போய்ப் பாகம் பிரித்துக்கொள்வார்கள். எதிர் அறை வக்கீல் மூன்று மாடி வீடு கட்டினார். தினமும் காலையில் உம்மடியைப் பார்த்துப் பெரிய கும்பிடு போட்டு, “நமஸ்தே அன்னா, ஈ ரோஜு எவரினைனா பம்பிஸ்தாரா?” என்பார். இன்றைக்கு யாரையாவது அனுப்புவீர்களா என்று கேள்வி. உம்மடி அதற்கும் கோபப்பட மாட்டார். அண்ணா என்று கூப்பிட்டுவிட்டாரே, அது போதும் அவருக்கு.

திருப்பதியில் நடந்த கதையைச் சொல்லாமல் விட முடியாது. ஒரு குமாஸ்தா வீட்டுக் கல்யாணத்துக்குப் பெரிய ஹோட்டலின் மண்டபத்துக்குப் போயிருந்தோம். பஃபே சாப்பாடு. உம்மடியின் கையில் ஒரு பீங்கான் தட்டைக் கொடுத்தார்கள். அவர் தட்டைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

“இது இன்னாம்மா?”

“நாமளே போய் எடுத்துக்கணும் சார். நின்னுக்கினே சாப்பிடணும்.”

“விருந்தாளியா? நின்னுக்கினா?”

அவ்வளவுதான். மண்டபத்தின் நடுவில், சரவிளக்குக்கு நேர் கீழே, வேட்டியைச் சரிசெய்துகொண்டு தரையில் சம்மணம் போட்டு உட்கார்ந்துவிட்டார். தட்டை முன்னால் வைத்துக்கொண்டு, யாராவது பரிமாறுவார்கள் என்று காத்திருந்தார். மேனேஜர் ஓடி வந்தார். தர்ணா என்று நினைத்துவிட்டார் போலிருக்கிறது, “டிமாண்ட் ஏமிட்டி சார்?” என்று கோரிக்கையைக் கேட்டார். “சாம்பார்” என்றார் உம்மடி. அந்த நேரம் பார்த்து, முழங்கால் வலியோடு தட்டைத் தாங்கி நின்ற ஒரு பெரியவர், நல்ல யோசனையாக இருக்கிறதே என்று அவர் பக்கத்தில் உட்கார்ந்தார். அப்புறம் இரண்டு பாட்டிகள். அப்புறம் ஒரு புரோகிதர். கொஞ்ச நேரத்தில் சரவிளக்கின் கீழே ஒரு முழுப் பந்தி. கோட் போட்ட பணியாட்கள் வேறு வழியில்லாமல் குனிந்து குனிந்து சோறு போட்டார்கள். உம்மடி இரண்டு பக்கமும் திரும்பி எல்லோரையும் விசாரித்துக்கொண்டே சாப்பிட்டார். அவ்வளவு சந்தோஷமாக நான் அவரை அதற்கு முன் பார்த்ததில்லை. சாப்பாடு முடிந்து எல்லோரும் எழுந்து அவரவர் வீட்டாரோடு போனார்கள். அவர் மட்டும் கொஞ்ச நேரம் அங்கேயே உட்கார்ந்திருந்தார்.

அன்றைக்குத் திரும்பி வருகிற பஸ்ஸில்தான் நான் கேட்டேன். “ஏன் சார், நீங்க கல்யாணம் பண்ணிக்கல?”

அவருடைய அப்பா ரயில்வேயில் இருந்தவர். ஊர் ஊராக மாற்றல். அண்ணன் தம்பி, அக்கா தங்கை யாரும் கிடையாது. பள்ளிக்கூடம் முடிவதற்குள் அப்பா அம்மா இருவரும் போய்விட்டார்கள். அப்புறம் ஹாஸ்டல், ஹாஸ்டல் விட்டால் இன்னொரு ஹாஸ்டல். சட்டப் படிப்பும் ஹாஸ்டலில்தான்.

“கல்யாணத்தப் பெரியவங்கதானேம்மா பேசணும்? நானே போயி எனக்குப் பொண்ணு குடுங்கன்னு கேக்கறது முறையில்ல.”

“பெரியவங்க யாரும் இல்லியே சார்?”

“இல்ல.”

“அப்புறம்?”

“வருவாங்கன்னு பாத்தேன். யாராவது தூரத்துச் சொந்தம். எங்கப்பாவோட சித்தப்பா, பெரியப்பா, அந்த மாதிரி. அந்தக் காலத்துல அப்பிடித்தானே, யாராவது வந்து நிப்பாங்க.” பஸ் ஜன்னலுக்கு வெளியே பார்த்துக்கொண்டு சொன்னார். “பாத்துக்கினே இருந்தேன், வயசாயிடுச்சு.”

சிரிப்பதா வேண்டாமா என்று எனக்குத் தெரியவில்லை. அவரே சிரித்துவிட்டதால் நானும் சிரித்தேன்.

இனி நகரி விஷயத்துக்கு வருகிறேன்.

நகரியில் பவர்லூம் வைத்திருந்த மூன்று அண்ணன் தம்பிகள் பாகம் கேட்டு அவரிடம் வந்தார்கள். மூத்தவர் முனிரத்தினம். கடைசித் தம்பி பாபு. நடுவில் ஒருவர், அவர் பேசவே மாட்டார் என்பதால் எல்லோரும் நடுவலவர் என்றே சொன்னார்கள். மூன்று பேரும் ஒரே வீட்டில், ஒரே தறிக் கொட்டகையில் இருந்துகொண்டு ஒருவரோடொருவர் பேசாமல் இருந்தார்கள். ஒரே தெருவில் போனால்கூட ஆளுக்கொரு ஓரம். சண்டைக்குக் காரணம் ஒரு ஃபிரிட்ஜ். பாபு தன் அறைக்குத் தனியாக ஒரு ஃபிரிட்ஜ் வாங்கி அதற்குப் பூட்டும் போட்டுவிட்டான். மூத்தவரின் மனைவி சரோஜா ஒரு மோர்ப் பாத்திரத்தை வைக்கப் போய், பூட்டைப் பார்த்துவிட்டுத் திரும்பி வந்தார். அன்றைக்குப் போன பேச்சு திரும்பி வரவில்லை.

அவர்கள் நேராக எதிர் அறைக்குப் போயிருந்தால் இந்தக் கதை இல்லை. தமிழ் பேசுகிற வக்கீல் என்று யாரோ உம்மடியைக் காட்டிவிட்டார்கள். அவர் வழக்கம்போல மூத்தவருக்கு முதலில் காபி கொடுத்தார். இந்த முறை காபி வேலை செய்யாது என்று அவருக்கே தெரிந்துவிட்டது. அதுவரைக்கும் யாரிடமும் சொல்லாத ஒன்றைச் சொன்னார்.

“நான் உங்க வீட்டுக்கு வந்து மூணு நாள் இருக்கறேன். பாக்கறேன். சேந்து இருக்க முடியாதுன்னு தெரிஞ்சா, நானே பாகப் பத்திரம் எழுதித் தர்றேன்.”

மூன்று நாள்தானே என்று அவர்களும் சரி என்றார்கள். உம்மடி ஒரு துணிப்பையில் இரண்டு வேட்டியும் பழைய ‘முன்போல’ இதழ்களும் எடுத்துக்கொண்டு நகரி பஸ் ஏறினார்.

மூன்று நாள் ஒரு வாரமாயிற்று. ஒரு வாரம் ஒரு மாதமாயிற்று. கோர்ட்டில் அவருடைய நாற்காலி காலியாகவே கிடந்தது. எனக்குப் போன் செய்வார். பின்னணியில் தறி ஓடுகிற சத்தம் காதைக் கிழிக்கும். அதற்கு மேலே கத்துவார். “அம்மா! இந்த மாசம் பத்திரிகை கொஞ்சம் லேட்டு! இங்க வேலை ஜாஸ்தி!” அவ்வளவு இளமையான குரலை அவரிடம் நான் கேட்டதே இல்லை.

அங்கே என்ன வேலை என்பது எனக்குப் பின்னால்தான் தெரிய வந்தது. ஒரு மத்தியானம் என் கடை வாசலில் ஒரு மோட்டார் சைக்கிள் வந்து நின்றது. அதிலிருந்து முனிரத்தினம், பாபு, நடுவலவர் மூன்று பேரும் இறங்கினார்கள். ஒரே வண்டியில், ஒருத்தர் முதுகில் ஒருத்தர் ஒட்டிக்கொண்டு, நகரியிலிருந்து சித்தூர் வரைக்கும் வந்திருந்தார்கள்.

“யம்மா, நீதானே அவரு புக்கு அடிக்கிற பொண்ணு?” என்றார் முனிரத்தினம். “எங்களுக்குப் பாகமும் வேணாம், ஒண்ணும் வேணாம். அவர மட்டும் எப்பிடியாச்சும் கூட்டிக்கினு வந்துடும்மா.”

“ஏண்ணா, இன்னா ஆச்சு?”

“காலைல ஒரு பாத்ரூமுக்கு நாங்க எல்லாரும் லைன்ல நிப்போம். அவரும் வந்து நிப்பாரு. அவரு முறை வந்தா உள்ள போவ மாட்டாரு. ‘நீ போ கண்ணு, நீ போ கண்ணு’ன்னு பின்னால ஆளுங்கள உட்டுட்டு மறுபடியும் கடைசில போயி நிப்பாரு. இன்னா சார்னு கேட்டா, நல்லா இருக்குதுப்பாங்கறாரு. லைன்ல நிக்கறது நல்லா இருக்குதாம்!”

பாபு குறுக்கிட்டான். “அக்கா, தறி ஷிஃப்டுக்கு ஷிஃப்ட்டு ஆள் மாறும். அவனவன் பசிச்சப்ப துன்னுட்டுப் போவான். இவரு எல்லாரும் ஒண்ணா ஒக்காந்துதான் துன்னணும்னு தறிய நிறுத்தச் சொல்றாரு. எங்க ஃபிரிட்ஜ் கேஸையும் முடிச்சிட்டாரு. மீட்டரு பொதுவா தனியான்னு கேட்டாரு. பொதுதான் சார்னேன். அப்ப கரென்ட்டு பொது, கரென்ட்டு பொதுன்னா ஐஸும் பொதுன்னு சொல்லிப் பூட்ட கழட்டி வாங்கிக்கினாரு.”

“பொம்பளைங்கள கடைசியா சாப்பிடச் சொல்லியிருப்பாரே?” என்றேன். உம்மடியை எனக்குத் தெரியாதா?

“மொத நாளு சொன்னாரு” என்றார் முனிரத்தினம். “எங்க வீட்டம்மா எதிர்த்துப் பேசல. ‘சரிங்க சார், பசியோட ஆக்கறேன், ரசம் எப்பிடி வருதோ வரட்டும்’னாங்க. ரெண்டாம் நாள்லேந்து அவங்கள மொதல்ல ஒக்காரச் சொல்லிட்டாரு.”

எனக்குச் சிரிப்பு தாங்கவில்லை. முனிரத்தினத்துக்கு வரவில்லை. குரலைத் தாழ்த்திக்கொண்டு சொன்னார்: “சண்டைகூட நிம்மதியா போட முடியல யம்மா. எங்க வூட்டு அம்மாவும் பாபு பொண்டாட்டியும் ரெண்டு வார்த்தை ஏத்திப் பேசிக்கினா, நடுவுல வந்து ஒக்காந்துக்கினு, ‘பேசுங்கம்மா, பேசுங்க’ன்னு கண்ணு மூடாம பாத்துக்கினு இருக்காரு. சினிமா பாக்கற மாதிரி. இப்ப ரெண்டு பேரும் சேந்துக்கினாங்க. சமையல் ரூம்புல ஒக்காந்து அவரப் பத்தித்தான் குசுகுசுன்னு பேசிக்கினு இருக்கறாங்க.”

அப்போதுதான் நடுவலவர் வாயைத் திறந்தார். அவர் குரலை நான் கேட்டது அதுதான் முதல் தடவை.

“நல்ல மனுசன்தான். ஆனா போவச் சொல்ல எங்களுக்கு வாய் வரல. நீ சொல்லு.”

என்ன சாக்கு சொல்வது என்று யோசித்துக்கொண்டே நகரிக்குப் போனேன். வீட்டுக்குள் நுழைந்ததும் உம்மடியைப் பார்த்தேன். தறிச் சத்தத்துக்கு நடுவில், கூடத்தில், பாபுவின் சின்னப் பெண்ணைத் தொடையில் உட்கார வைத்துக்கொண்டு வெண்டைக்காய் நறுக்கிக்கொண்டிருந்தார். பனியனும் வேட்டியுமாக, தலை கலைந்து, இந்த வீட்டில் பிறந்து வளர்ந்தவர் மாதிரி இருந்தார்.

“சார், பத்திரிகை நின்னு போச்சு. வாசகருங்க எல்லாம் கேக்கறாங்க” என்றேன்.

அவர் என்னைப் பார்த்தார். என் பின்னால் வாசலில் நின்ற மூன்று அண்ணன் தம்பிகளைப் பார்த்தார். கையிலிருந்த வெண்டைக்காயை முழுதாக நறுக்கி முடித்தார். “கெளம்பலாம்மா” என்றார்.

சரோஜா அக்கா சமையலறையிலிருந்து ஓடி வந்து, “சாப்ட்டுட்டுப் போங்க சார்” என்றார். அது நிஜமாகச் சொன்னதுதான். “கோர்ட்ல வேலை கெடக்குதும்மா” என்று சொல்லிவிட்டுத் துணிப்பையை எடுத்துக்கொண்டார். குழந்தை வேட்டியைப் பிடித்துக்கொண்டது. அதன் விரலை ஒவ்வொன்றாகப் பிரித்துவிட்டு வந்தார்.

நகரியிலிருந்து புத்தூர் வந்து இறங்கியபோது, சித்தூருக்கு நேராகப் போகிற பஸ் நின்றுகொண்டிருந்தது. அவர் ஏறவில்லை. “திருப்பதி போயிச் சுத்திக்கினு போலாமாம்மா? உங்களுக்கு லேட்டாவுமா?” என்று கேட்டார். வீட்டுக்குச் சீக்கிரம் போய்ச் சேர அவருக்கு மனமில்லை என்று தெரிந்தது. லேட் ஆகாது சார் என்றேன்.

திருப்பதி பஸ் ஸ்டாண்டில் காபி வாங்கிக்கொண்டு சிமென்ட் பெஞ்சில் உட்கார்ந்தோம். எதிரில் மலையிலிருந்து இறங்கி வந்த ஒரு பெரிய குடும்பம். தாத்தாவிலிருந்து கைக்குழந்தை வரைக்கும் எல்லோருக்கும் மொட்டை, தலையில் சந்தனம். லட்டுப் பையை யார் வைத்துக்கொள்வது என்று சண்டை போட்டுக்கொண்டிருந்தார்கள். உம்மடி அவர்களையே பார்த்துக்கொண்டிருந்தார்.

“அவங்கதானேம்மா உங்கள அனுப்பினாங்க?” என்றார் திடீரென்று.

நான் காபியைப் பார்த்தேன்.

“சொல்லுங்க. மூணு பேருமா வந்தாங்க?”

“ஆமா சார்.”

“சேந்தா? தனித்தனியாவா?”

“சேந்துதான் சார். ஒரே வண்டில வந்தாங்க.”

“ஒரே வண்டிலயா!” அவர் முகம் அப்படியே மலர்ந்துபோயிற்று. பெஞ்சில் தட்டினார். பக்கத்தில் இருந்தவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். “அப்போ கேஸ் ஜெயிச்சிட்டோம்மா! என் சர்வீஸ்ல ஜெயிச்ச ஒரே உம்மடி கேஸ் இதுதான்!”

ஜெயித்த வக்கீல் காபியைக் குடிக்க மறந்துபோனார். மொட்டைக் குடும்பம் ஒருத்தரை ஒருத்தர் கூப்பிட்டுக்கொண்டே பஸ் ஏறிப் போனது. காபியில் ஆடை படிந்தது. அதை அப்படியே பெஞ்சுக்கடியில் வைத்துவிட்டு எழுந்தார்.

அடுத்த இதழுக்கு ஒரு கட்டுரை சொன்னார். தலைப்பு: ‘விருந்தினர் எப்போது புறப்பட வேண்டும்?’ இருங்கள் என்று வீட்டுக்காரர்கள் சொல்லும்போதே புறப்பட்டுவிட வேண்டும். சொல்வதை நிறுத்திய பிறகு புறப்படுவது முறையல்ல என்று வரிசையாகக் காரணங்களோடு சொல்லிக்கொண்டே வந்தார். நான் அடித்துக்கொண்டே வந்தேன். கடைசியில், “விருந்தாளியா போறவனுக்குத் திரும்பி வர ஒரு வீடு இருக்கணும். அந்த வீட்டுல, ஏன் இவ்ளோ நாள்னு கேக்க ஒரு ஆள் இருக்கணும்” என்றார். நான் அடித்து முடிக்கும்வரை திரையையே பார்த்துக்கொண்டிருந்தார்.

“கடைசி வரிய எடுத்துடுங்கம்மா.”

“ஏன் சார், நல்லாத்தானே இருக்குது?”

“வேணாம். அதுக்குச் சட்டத்துல எடம் இல்ல.”

எடுத்துவிட்டேன்.

நகரி அண்ணன் தம்பிகள் பாகம் பிரிக்கவில்லை. ஃபிரிட்ஜ் கூடத்துக்கு வந்துவிட்டது. அடுத்த வருஷம் முனிரத்தினத்தின் பெண்ணுக்குக் கல்யாணம் நிச்சயமாயிற்று. பத்திரிகை அடிக்க மூன்று பேரும் என் கடைக்குத்தான் வந்தார்கள். தமிழில் ஒரு பக்கம், தெலுங்கில் ஒரு பக்கம். கீழே வரவேற்பவர்கள் பெயரெல்லாம் சொல்லி முடித்த பிறகு முனிரத்தினம் தொண்டையைக் கனைத்துக்கொண்டார்.

“வூட்டம்மா ஒண்ணு சொல்லச் சொன்னாங்க. வக்கீல் சார் பேரும் போடணுமாம்.”

“எந்த இடத்துல அண்ணா? வக்கீல்னா தனியா நண்பர்கள்னு போட்டு...”

மூன்று பேரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். நடுவலவர் திரையில் விரலை வைத்தார். பெண்ணின் சித்தப்பாக்கள் இருந்த வரிசை.

“பெரியப்பான்னு போடு. மேல.”

பிழை பார்க்கத் தமிழ் தெரிந்த ஆள் சித்தூரில் வேறு யார் இருக்கிறார்கள்? உம்மடியைத்தான் கூப்பிட்டேன். விஷயத்தைச் சொல்லவில்லை. வந்து ஸ்டூலில் உட்கார்ந்தார். சிவப்புப் பேனாவை எடுத்தார். மேலே பிள்ளையார் சுழியிலிருந்து ஒவ்வொரு எழுத்தாகப் பார்த்துக்கொண்டே வந்தார். ஒரு இடத்தில் ஒற்று போட்டார். ஒரு இடத்தில் ‘ன’வை ‘ண’ ஆக்கினார். கீழே வந்ததும் பேனா நின்றது. சட்டென்று ஒரு பெயரைச் சுற்றி வட்டம் போட்டு, ஓரத்தில் நீக்கற்குறி போட்டார்.

“அம்மா, இங்க ஒரு பிழை. என் பேரு தவறி இங்க வந்துடுச்சு. நம்ம பத்திரிகைலேந்து ஒட்டிக்கினு வந்திருக்கும்போல.”

“பிழை இல்ல சார்.”

“பேரு இருக்கிற எடத்தப் பாருங்கம்மா. பெரியப்பான்னு போட்டிருக்குது.”

“அவங்கதான் சார் போடச் சொன்னாங்க. மூணு பேரும்.”

அவர் காகிதத்தைக் கண்ணுக்குப் பக்கத்தில் கொண்டுபோனார். விலக்கினார். மறுபடியும் பக்கத்தில் கொண்டுவந்தார். வெளியே சந்தில் யாரோ ஜெராக்ஸ் கேட்டுக் கூப்பிட்டார்கள்; நான் எழுந்து போகவில்லை. கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். துடைத்துக்கொண்டே இருந்தார். அப்புறம் பேனாவை எடுத்து, தன் பெயருக்குப் பின்னால் நான் போட்டிருந்த பி.ஏ., பி.எல். இரண்டையும் கோடு போட்டு அடித்தார்.

“குடும்பத்துக்குள்ள பட்டம் எதுக்கும்மா” என்றார்.

கல்யாணத்துக்கு நானும் போயிருந்தேன். மண்டப வாசலில் சந்தனக் கிண்ணத்தோடு உம்மடி நின்றார். பட்டு வேட்டி, சரோஜா அக்கா எடுத்துக் கொடுத்தது. வந்தவர்கள் எல்லோரையும் வாங்க வாங்க என்றார். யார் வீடு, எந்த ஊர், கூட யார் யார் வந்திருக்கிறீர்கள் என்று விசாரித்து உள்ளே அனுப்பினார். சாயங்காலம் முனிரத்தினம், “சார், ரெண்டு நாள் இருந்துட்டுப் போங்க” என்று கையைப் பிடித்துக்கொண்டார். “நாளைக்கு கோர்ட்ல ஒரு கேஸ் இருக்குதுப்பா” என்று சொல்லிவிட்டு பஸ் ஏறிவிட்டார். மறுநாள் ஞாயிற்றுக்கிழமை. அது எங்கள் யாருக்கும் ஞாபகம் வராததுபோல நாங்களும் கையசைத்து அனுப்பினோம்.

என் கணவருக்கு மாற்றலாகி நாங்கள் திருப்பதிக்கு வந்துவிட்டோம். கடையையும் இங்கேயே போட்டுக்கொண்டேன். ‘முன்போல’ நின்றுவிட்டது, அவருக்கு இப்போது கண் சரியாகத் தெரிவதில்லை. கோர்ட்டுக்கும் போவதில்லை. சித்தூரில் அதே வீட்டில்தான் இருக்கிறார், அதே மாதிரி தனியாக.

ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் நான் போன் செய்வேன். மணி ஒரு தடவை அடிப்பதற்குள் எடுத்துவிடுவார். என் மாமனாரில் ஆரம்பித்து, வயது வரிசையில், என் கடைசிப் பையன் வரைக்கும் ஒவ்வொருவராக விசாரிப்பார். நான் ஒவ்வொருவருக்கும் பதில் சொல்வேன். பேச ஒன்றும் இல்லாமல் போன பிறகு, “சரிம்மா, வெச்சிடட்டுமா?” என்று கேட்பார்.

“வெச்சிடுங்க சார்” என்பேன்.

அவர் வைக்க மாட்டார். நானும் வைப்பதில்லை.